முதல் பிரதி வாங்கியவரின் தாத்தா

செய்தி வந்தபோது நான் ஜொகூர் பாருவை ஒட்டிய தம்போயில் ஒரு முடிதிருத்தும் கடையில் பாதித் தலையோடு உட்கார்ந்திருந்தேன். இடது பக்கம் முடிந்திருந்தது. கத்தரி வலது பக்கத்துக்கு இன்னும் வந்து சேரவில்லை. கைப்பேசியில் என் தங்கை மகள் கயல்விழி அழைத்தாள்.

"மாமா, அப்பா தவறிட்டாரு. காப்பி கேட்டாரு, கலக்கி எடுத்துட்டு வர்றதுக்குள்ள..."

"அம்மா எப்படி இருக்கா?"

"அந்தக் காப்பியைக் கையில வச்சிக்கிட்டே நிக்கிறாங்க மாமா. கீழ வைக்க மாட்டேங்குறாங்க."

அப்படியே எழுந்து போய்விட்டேன். மீதித் தலையைப் பற்றி நினைக்க நேரமில்லை. சாவு வீட்டில் மூத்த எழுத்தாளர் ஒருவர் என் தலையை வெகுநேரம் உற்றுப் பார்த்தார். மறுவாரம் அவர் எழுதிய இரங்கல் கட்டுரையில், மைத்துனன் ஒரு பக்கத் தலையை மட்டும் மழித்துக்கொள்ளும் பழந்தமிழ்ச் சடங்கு ஜொகூரில் இன்னும் உயிரோடு இருப்பதைக் கண்டு மெய்சிலிர்த்ததாக இருந்தது. மறைந்தவருக்கு இவரைவிடத் தகுதியான சீடர் கிடைக்கமாட்டார். அந்த வீட்டில் வரலாறு இப்படித்தான் தயாராகும்.

மறைந்தவர் என் தங்கை மங்களத்தின் கணவர். எனக்கு மாப்பிள்ளை. அவரை அறிந்த உங்களுக்கோ 'வரலாற்றுச் சக்கரவர்த்தி' தணிகாசலம். அந்தப் பட்டத்தை எந்தச் சங்கம் கொடுத்தது என்று கேட்காதீர்கள். அந்தச் சங்கத்தின் தலைவர், செயலாளர், பொருளாளர் மூவரும் ஒரே நாற்காலியில் உட்காரக்கூடியவர்கள். அந்த நாற்காலி அவர் வீட்டு முன்கூடத்தில் இருக்கிறது.

அரசாங்க அலுவலகத்தில் கிராணியாக, அதாவது எழுத்தராக, இருந்து ஓய்வு பெற்றதும் இருபதாம் நூற்றாண்டைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டார். ஜப்பான்காரன் காலம், சயாம் ரயில் பாதை, கம்யூனிஸ்டுகளோடு போரிட்ட அவசரகாலம், சுதந்திரம் என்று ஒன்று விடாமல் எழுதினார். இரண்டு உலகப் போர்களும் சேர்ந்து அந்த நூற்றாண்டுக்குச் செய்ய முடியாமல் விட்ட சேதத்தை ஒரே பேனாவால் செய்து முடித்தார். அவர் நூல் இல்லாத தமிழ் வீடு ஜொகூரில் கிடையாது. கல்யாணம், காதுகுத்து, கோயில் திருவிழா என்று எங்கே கூட்டம் கூடினாலும் வாசலில் அவருடைய மேசை இருக்கும். உள்ளே போகும்போது வாங்காதவர்கள் வெளியே வரும்போது வாங்கினார்கள். அவர்கள் காரை எடுக்க முடியாதபடி அவர் கார் பின்னால் நிற்கும்.

நூலகம், ஆவணக் காப்பகம் பக்கமெல்லாம் அவர் தலைவைத்தும் படுத்ததில்லை. அவருடைய ஆய்வுக்கூடம் கருமக்கிரியை வீடுகள். யாருடைய கருமக்கிரியை என்பது முக்கியமில்லை. பந்தியில் யார் மிக மூத்தவரோ, அவருக்குப் பக்கத்து இலை இவருடையது. "சாவு வீட்லதான் மச்சான் சரித்திரம் உயிரோட இருக்கு" என்பார். மூவாரில் ஒரு வீட்டில், பாயசம் வருவதற்குள் ஒரு பெரியவரிடமிருந்து ஜப்பானியப் படையெடுப்பு முழுவதையும் கறந்துவிட்டார். படையெடுப்பு நடந்தபோது அந்தப் பெரியவர் தொட்டிலில் கிடந்த கைக்குழந்தை.

"தொட்டில்ல கெடந்த பிள்ளைக்கு என்னா ஞாபகம் இருக்கும் மாப்பிள்ளை?" என்று கேட்டேன்.

"அதான் மச்சான் கலப்படமில்லாத ஞாபகம்."

நம் மலேசிய நாட்டு நூல் வெளியீட்டு வழக்கத்தை இங்கே கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். உங்களுக்குத் தெரிந்ததுதான். ஆனால் தமிழ்நாட்டுச் சொந்தங்களும் இதைப் படிப்பார்கள். மேடையில் முதல் பிரதி வாங்குபவர் பெரிய மனிதராக இருக்க வேண்டும். அவருக்கு மாலை, பொன்னாடை. அவர் கையில் ஓர் உறை. பிறகு புகைப்படம். புத்தகத்துக்குள் என்ன இருக்கிறது என்று யாரும் கேட்பதில்லை, முதல் பிரதி யார் வாங்கியது என்றுதான் கேட்பார்கள். மற்ற எழுத்தாளர்கள் புத்தகத்தை எழுதிவிட்டு முதல் பிரதிக்கு ஆள் தேடுவார்கள். மாப்பிள்ளை இந்த வரிசையையே திருப்பிப் போட்ட மேதை. முதலில் ஆள். அடுத்து அந்த ஆளுடைய தாத்தா. அதற்குப் பிறகுதான் வரலாறு.

ஜப்பான் படை சைக்கிளில் வந்து மலாயாவைப் பிடித்தது உலகறிந்த சங்கதி. டயர் வியாபாரி ஒருவர் முதல் பிரதி வாங்கிய ஆண்டு, அந்தச் சைக்கிள்களுக்குப் பஞ்சர் ஒட்ட மறுத்து ஒரு பேரரசையே சிகாமாட் சாலையோரம் குந்த வைத்த வீரத் தமிழர் ஒருவர் நூலில் தோன்றினார். டயர் வியாபாரியின் தாத்தா. மறு ஆண்டு முதல் பிரதி ஒரு மருந்துக்கடைக்காரருக்குப் போனது. அதே படைக்கு அந்த நூலில் அவர் தாத்தாவின் கைங்கரியத்தால் வயிற்றுப்போக்கு. நான் போட்ட கணக்கில், மாப்பிள்ளையின் நூல்கள்படி ஜப்பான் படை மலாயாவில் கால் வைத்த இடமெல்லாம் தோற்றது. எப்படிச் சிங்கப்பூர் போய்ச் சேர்ந்தார்கள் என்பதுதான் மர்மம்.

"ஆதாரம் ஏதாச்சும் இருக்கா மாப்பிள்ளை?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"ஆதாரம் கேக்குறவன் புஸ்தகம் வாங்கமாட்டான் மச்சான். வாங்குறவன் ஆதாரம் கேக்கமாட்டான்."

இதுவரை சொன்னதை நானும் உங்களோடு சேர்ந்து சிரித்துக்கொண்டே பார்த்தவன்தான். செத்துப்போன தாத்தாக்களுக்குக் கொஞ்சம் வீரம் ஏற்றிவிட்டால் யாருக்கு என்ன நட்டம் என்று இருந்தேன். நட்டம் யாருக்கு என்பது லாபிஸில் தெரிந்தது.

ஜப்பான்காரன் தோட்டத்து ஆட்களைப் பிடித்துக்கொண்டுபோய்ப் போட வைத்த சயாம் ரயில் பாதையைப் பற்றி எழுதப்போவதாக அவர் அறிவித்ததும் எனக்கு ஓட்டுநர் பதவி கிடைத்தது. "அண்ணா, அவரு ஓட்டுனா நேரா போய் மரத்துலதான் நிப்பாரு. நீங்க கூடப் போங்க" என்றாள் மங்களம். லாபிஸில் தண்டவாளத்தை ஒட்டிய தாமான் குடியிருப்பு ஒன்றில் பாக்கியம் அக்காவின் வீடு. அப்போதே எண்பது வயதைத் தொட்டிருந்தார். மகன் மணியம் லாரி ஓட்டுகிறார். அக்கா எங்களுக்கு வடை சுட்டு வைத்துக்கொண்டு காத்திருந்தார். இது பந்தி இல்லையே என்ற குறை மாப்பிள்ளைக்குக் கொஞ்சமும் தோன்றவில்லை. வடையை ஒரு கை பார்த்தார்.

அக்கா சொன்னதை நானும் உட்கார்ந்து கேட்டேன். சொன்னபடியே எழுதுகிறேன்.

"எங்கப்பா ரப்பர் தோட்டத்துல பால்வெட்டுக்காரரு. ஜப்பான்காரன் லாரியில ஏத்திட்டுப் போனப்ப எனக்கு வெவரம் பத்தாது. மொகம்கூட ஞாபகம் இல்ல. போட்டோ கெடையாது. ஆளும் திரும்பல. சண்டை முடிஞ்சி ஒருத்தரு நடந்தே வந்தாரு, எலும்பும் தோலுமா. லயத்து வீட்டு வாசல்ல நின்னுக்கிட்டு எங்கம்மாகிட்ட சொன்னாரு. அங்க வாந்திபேதி கண்டவங்களத் தனிக் கொட்டகையில போட்டுடுவாங்களாம். கூடப் பொறந்தவன்கூட கிட்ட போகமாட்டானாம். எங்கப்பா மட்டும் தண்ணியைக் கொதிக்க வச்சி வாளியில தூக்கிட்டுப் போவாராம். பச்சைத் தண்ணியைக் குடிச்சீங்க, நானே மிதிப்பேன்னு எல்லாரையும் திட்டுவாராம். வெந்நிக்காரன்னே பேரு வச்சிட்டாங்களாம். 'நான் உங்க முன்னால நிக்கிறேன்னா அந்தத் தண்ணிதான் தாயி'ன்னு அவரு எங்கம்மா கால்ல விழுந்தாரு. கடைசியில எங்கப்பாவையும் அதே கொட்டகையிலதான் போட்டாங்களாம்."

ஒரு சரக்கு ரயில் போனது. அது போய் முடியும்வரை அக்கா காத்திருந்து கேட்டார்.

"இதெல்லாம் எழுதுவீங்களா தம்பி? எனக்கு வேற ஒண்ணும் வேணாம். சமாதி இல்ல, எலும்பு இல்ல. அவரு பேரு ஒரு எடத்துல அச்சுல இருந்துச்சின்னா, இந்தா பாரு, இவருதான் நம்ம ஆளுன்னு பேரப் பிள்ளைங்களுக்குக் காட்டுவேன்."

மாப்பிள்ளை அழுதார். நடிப்பு என்று சொல்லமாட்டேன். அவருடைய அழுகை எப்போதும் அசல். மறதியும் அசல். "அம்மா, உங்கப்பா இனிமே சாகமாட்டாரு" என்று எழுந்து நின்று கும்பிட்டார். இந்த மனிதரைப் போய் இத்தனை நாள் கிண்டல் செய்தோமே என்று நினைத்தேன். அந்த நினைப்பு நெடுஞ்சாலையைத் தொடும்வரை இருந்தது. அங்கே அவர் காரை நிறுத்தச் சொல்லி இறங்கிப் போய், குத்தகைத் தொழிலில் டத்தோ பட்டம்வரை உயர்ந்த ஒரு பெரிய மனிதரைக் கைப்பேசியில் அழைத்து, அவருடைய தாத்தாவைப் பற்றி விசாரித்துவிட்டு வந்தார்.

ஜொகூர் பாருவில் பெரிய மண்டபத்தில் வெளியீடு. பாக்கியம் அக்கா பட்டுச்சேலை கட்டிக்கொண்டு, மணியத்தோடு லாபிஸிலிருந்து விடியற்காலையே கிளம்பி வந்துவிட்டார். முதல் பிரதியை அந்தக் குத்தகைத் தொழில் டத்தோ வாங்கினார். மேடையில் மாப்பிள்ளை 'வெந்நீர் வள்ளல்' என்ற அத்தியாயத்தை உருக்கமாகப் படித்தார். வாளி, கொட்டகை, திட்டு எல்லாம் வந்தன. தூக்கிக்கொண்டு போனவர் மட்டும் டத்தோவின் தாத்தா. அந்தத் தாத்தா ஜப்பான்காரன் காலம் முழுக்கத் தோட்டத்து ஸ்டோரில் மரவள்ளிக்கிழங்கு நிறுத்துக் கொடுத்தவர். அது ஒன்றும் குற்றமில்லை, யாராவது நிறுக்கத்தானே வேண்டும். ஆனால் அவர் சயாம் இருக்கும் திசையைத் திரும்பிக்கூடப் பார்த்ததில்லை. டத்தோவே ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு, "எங்க தாத்தா சயாம் போனது எனக்கே இன்னிக்கித்தான் தெரியும்" என்று கண்கலங்கினார். மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது.

அக்கா எழவில்லை. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, வரிக்கு அடியில் விரலை வைத்து மெதுவாகப் படித்துக்கொண்டிருந்தார். முடித்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"தம்பி, வாளி இருக்கு. கொட்டகை இருக்கு. எங்கம்மா கால்ல விழுந்தவருகூட இருக்காரு. அப்பாவைக் காணோம்."

கையெழுத்து வாங்க நின்ற வரிசையில் போய் நின்றார். நானும் மணியமும் பின்னால் நின்றோம். அவர் முறை வந்ததும் புத்தகத்தைத் திறந்து அந்தப் பக்கத்தை மாப்பிள்ளை முன்னால் வைத்தார்.

"தம்பி, இது எங்கப்பா கதை."

"கதை உங்கப்பாவுதுதாம்மா. யாரு இல்லன்னா? பேரு மட்டும்தான் அவங்க தாத்தாவுது."

இதை அவர் மிகவும் அன்பாகச் சொன்னார். இதைவிடக் கேவலமான ஒரு வாக்கியத்தை நான் என் ஆயுளில் கேட்டதில்லை. அன்பாகச் சொன்னதால் அது இன்னும் கேவலமாக இருந்தது. மணியம் முன்னால் ஓர் எட்டு வைத்தார்.

"யோவ், உன் கையில இருக்கிற பேனாவ..."

"மணியம், சும்மா இரு" என்றார் அக்கா. "தம்பி ஏதோ சொல்ல வருது."

"அடுத்த பதிப்புல போட்டுடலாம்மா" என்றார் மாப்பிள்ளை. புத்தகத்தில் 'அன்புடன்' என்று எழுதிக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார்.

வீடு திரும்பும்போது காரில் நான் விடவில்லை.

"என்னா மாப்பிள்ளை வேலை இது?"

"மச்சான், ஒங்களுக்குப் புரியாது. செஞ்ச காரியம்தான் நிக்கணும். செஞ்சவன் பேரு என்னாவா இருந்தா என்னா?"

"அப்ப அட்டையில ஒங்க பேரு எதுக்கு அம்மாம் பெருசா?"

தம்போய் வரும்வரை அவர் பேசவில்லை. இருபதாம் நூற்றாண்டிலும் சரி, இந்த நூற்றாண்டிலும் சரி, அவர் வாயை மூடியிருந்த மிக நீண்ட காலம் அதுதான்.

அடுத்த பதிப்பு வந்தது. சொன்ன சொல் தவறாமல் டத்தோவின் தாத்தாவை எடுத்துவிட்டார். ஏனென்றால் இந்த முறை முதல் பிரதி மூவார் மரச்சாமான் தொழிற்சாலை முதலாளி ஒருவருக்கு. வாளியை அவருடைய பெரிய தாத்தா தூக்கினார். அதற்கடுத்த பதிப்பில் ஒரு பல் மருத்துவரின் குடும்பம். இத்தனை தாத்தாக்கள் வெந்நீர் சுமந்திருந்தால் சயாம் காட்டில் வாந்திபேதி என்ன, ஒருவருக்கு ஜலதோஷம்கூடப் பிடித்திருக்காது. பர்மாவரைக்கும் தேநீர்க்கடை போட்டிருக்கலாம்.

ஒவ்வொரு தீபாவளிக்கும் அக்கா என்னைக் கூப்பிடுவார். பலகாரம், பிள்ளைகள், மழை எல்லாம் விசாரித்துவிட்டு, கடைசியில் குரலைத் தாழ்த்தி, "அடுத்த பதிப்பு வந்துடுச்சா தம்பி?" என்பார். எனக்கு அந்தத் தொலைபேசி மணி கேட்டாலே மாப்பிள்ளை மேல் கையில் கிடைத்ததை வீசத் தோன்றும். ஒரு முறை வீசினேன். முறுக்கு. பிடித்துத் தின்றுவிட்டார்.

கடைசியாக அவரோடு பேசியது அவர் நோயில் படுத்த பிறகு. குரல் இறங்கியிருந்தது. இப்போது விட்டால் எப்போது என்று நானே எடுத்தேன்.

"மாப்பிள்ளை, அந்த லாபிஸ் அக்கா விசயம். ஒரு வரி எழுதிக் குடுங்க. நான் அச்சுக்குக் குடுக்குறேன்."

கூரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்தம்மா அப்பா பேரு என்னா?"

மறந்திருந்தார். சொன்னேன்.

"மலாயா பூரா அந்தப் பேருதானே மச்சான். போட்டா எந்த ஆளுன்னு எவனுக்குத் தெரியும்?"

"அவரு மகளுக்குத் தெரியும்."

கண்ணை மூடிக்கொண்டார். தூங்கிவிட்டார் என்று நான் எழுந்தபோது பேசினார்.

"வெந்நி கதையை நான் எழுதலன்னா அதுவும் போயிருக்கும்ல?"

எவ்வளவு பெரிய திருடனாக இருந்தாலும், அவர் அந்த வீட்டுப் படி ஏறாமல் இருந்திருந்தால் அந்தக் கொட்டகையைப் பற்றி வெளியே ஒருவருக்கும் தெரிந்திருக்காது. என்னையும் சேர்த்துத்தான். அவர் செய்த எல்லாவற்றையும்விட, இந்த ஒரு வாக்கியம் சரியாக இருந்ததற்காகத்தான் எனக்கு அவர் மேல் கோபம் அதிகம்.

இறுதி ஊர்வலத்தில் வாகன வரிசை சிங்கப்பூர்ப் பாலம்வரை நின்றதாக ஓர் அன்பர் முகநூலில் எழுதியிருக்கிறார். அந்த வரிசை தினமும் நிற்பது, வேலைக்குப் போகிறவர்களுடையது. அரசியல் பிரமுகர் ஒருவர் பேசும்போது, "சயாம் காட்டில் தன் இளமையைத் தொலைத்து மீண்டு வந்த மாவீரர் தணிகாசலம்" என்றார். மாப்பிள்ளை பிறந்ததே சண்டையெல்லாம் ஓய்ந்த பிறகு. கூடாரம் முழுக்கத் தலையாட்டியது. யாரும் மறுக்கவில்லை. பெட்டிக்குள் இருந்தவருக்கு மட்டும் காது கேட்டிருந்தால், அந்தப் பிரமுகரின் தாத்தாவைப் பற்றி உடனே விசாரித்திருப்பார்.

பாக்கியம் அக்கா மணியத்தின் கையைப் பிடித்துக்கொண்டு வந்தார். உதிரிப்பூவை எடுத்து மாப்பிள்ளையின் காலடியில் போட்டார். கோபம் ஏதும் முகத்தில் இல்லை. என் பக்கம் திரும்பினார்.

"தம்பி, இனிமே அடுத்த பதிப்பு வராதுல்ல?"

பக்கத்தில் நின்ற கயல்விழி கேட்டுவிட்டாள்.

"என்னா பதிப்பு மாமா?"

பின்வாசலில், சமையல்காரர்கள் அண்டா கழுவும் இடத்தில் வைத்து அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் சிங்கப்பூரில் வேலை பார்ப்பவள், எதையும் உடனே நம்பமாட்டாள். உள்ளே போய்ப் புத்தகத்தின் எல்லாப் பதிப்புகளையும் எடுத்து வந்து, ஒன்றன்மேல் ஒன்றாகத் திறந்து வைத்துப் பார்த்தாள்.

"அலமாக்" என்று தலையில் கை வைத்தாள். "நான் அப்பா புஸ்தகம் ஒண்ணுகூட முழுசா படிச்சதில்ல மாமா."

"நீ மட்டுமா? அவரே படிச்சதில்ல."

அவள் சிரிக்கவில்லை. "கருமக்கிரியைக்கு நினைவு மலர் போடுறோம்ல. உங்களுக்கு இடம் வச்சிருக்கேன். நடந்ததை எழுதுங்க."

"ஒங்கம்மா மனசு தாங்குமா?"

மங்களம் கதவுக்குப் பின்னால்தான் நின்றிருந்தாள். "எழுதுங்கண்ணா" என்றாள். "அந்த மனுசன் சொன்ன பொய்க்கெல்லாம் நான்தான் காப்பி போட்டுக் குடுத்தேன். ஒரு நெசத்துக்கு எடம் குடுக்கமாட்டேனா?"

மலரின் முதல் பிரதிக்கு டத்தோவின் அலுவலகத்திலிருந்து மறுநாளே அழைப்பு வந்தது. கயல்விழி எடுத்தாள். "மன்னிச்சிருங்க சார், ஆள் முடிவாயிடுச்சி. லாபிஸ்லேருந்து வர்றாங்க" என்று வைத்துவிட்டாள். முதல் பிரதி வாங்குபவருடைய முன்னோர்தான் நாயகன் என்பது மாப்பிள்ளை வகுத்த சட்டம். அவர் நினைவுக்காக வெளியிடும் மலரில் அதை மீற எங்களுக்கு மனம் வரவில்லை.

பெரியோர்களே, மாப்பிள்ளையிடமிருந்து நீங்கள் எதை எடுத்துக்கொண்டீர்களோ தெரியாது. அவர் நூல்கள் என்னிடம் நிறைய இருக்கின்றன. அலமாரி ஆடாமல் நிற்பது அவற்றால்தான். அவற்றைத் திருப்பிக் கேட்டாலும் கொடுத்துவிடுவேன். நான் வைத்துக்கொள்வது அவருடைய தொழில் நுணுக்கம் ஒன்றை: ஒருவருக்காக ஒதுக்கிய பக்கத்தில் சத்தமில்லாமல் இன்னொருவரை உட்கார வைப்பது. அவரளவு தேர்ச்சி எனக்கு இல்லை, முதல் முயற்சி. அந்தப் பெயரை இதுவரை எழுதாமல் வைத்திருந்தேன். இத்தனை டத்தோக்களுக்கும் தாத்தாக்களுக்கும் நடுவில் போட்டால் நசுங்கிவிடும் என்று தோன்றியது.

வீரன் மகன் கருப்பையா. லாபிஸ் பக்கத்துத் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். சயாம் ரயில் பாதையில் வாந்திபேதிக் கொட்டகைக்கு வெந்நீர் தூக்கிக்கொண்டு போனவர். அங்கேயே இறந்தவர். பாக்கியத்தின் அப்பா.

அக்கா, இந்தப் பக்கத்தின் ஓரத்தை மடித்து வைத்துக்கொள்ளுங்கள். பிள்ளைகள் கேட்டால் தேட வேண்டியிருக்காது.